கஞ்சிக்கு மட்டும் போனால் போதுமா?

ரமலான் வந்துவிட்டால் நம் தோழர்களுக்குப் பள்ளிவாசலுக்கு வழி தெரிந்துவிடுகிறது. மாலையில் தொப்பி அணிந்து போகிறோம். வரிசையில் அமர்ந்து நோன்புக் கஞ்சி அருந்துகிறோம். படம் பிடித்துக்கொண்டு திரும்புகிறோம். தவறில்லை. உடன் அமர்ந்து உண்பது நல்ல பழக்கந்தான். ஆனால், பிறை கண்ட மறுநாள் தொடங்கி அடுத்த நோன்பு வரையில் பதினொரு மாதங்கள் இருக்கின்றனவே, தோழர்களே! அப்போது நாம் எங்கே போய்விடுகிறோம்?

வள்ளூர், மீஞ்சூர், எண்ணூர், திருவொற்றியூர் — இது உழைப்பாளிகளின் வட்டாரம். வள்ளூர் அனல்மின் நிலையத்தின் உற்பத்தித் திறன் 1500 மெகாவாட். மின்சாரம் ஊருக்கெல்லாம் போகிறது. சாம்பல் மட்டும் இங்கேயே தங்குகிறது! இந்த வட்டாரத்துச் சிறு பள்ளிவாசல்களைத் திருவல்லிக்கேணி வாலாஜா பள்ளிவாசலோடு ஒப்பிடாதீர்கள். அது 1795-இல் நவாபு குடும்பம் எழுப்பியது. சிறு பள்ளிவாசலுக்கு ஏது நவாபு? லாரி ஓட்டுகிறவரும், கறிக்கடைக்காரரும், ஒப்பந்தக் கூலியும் மாதச் சந்தா கொடுத்தால்தான் அங்கே விளக்கு எரியும்.

அந்தச் சந்தாப் பணத்தில் என்னென்ன நடக்கிறது? இமாமுக்கும் மோதினாருக்கும் சம்பளம். அதுவும் எவ்வளவு? நம் ஆலையில் புதிதாகச் சேர்ந்தவன்கூடக் கேட்டால் சிரிப்பான். பிள்ளைகள் ஓதும் மதரசா அங்கேதான். நிக்காஹ் நடந்தால் ஜமாஅத்தின் தப்தரில் பதிவு. ஒரு வீட்டில் மௌத்து என்றால் சந்தூக்கு அங்கிருந்துதான் வரும். பணக்காரருக்கும் அதே பெட்டி, பஞ்சைக்கும் அதே பெட்டி. நோன்பு மாதத்தில் பச்சரிசி அரசு தருகிறது. பருப்பும் தேங்காயும் இஞ்சி பூண்டும் ஊரார் தருகிறார்கள். தூக்குவாளி ஏந்தி வரும் பிள்ளையிடம் நீ எந்த மதம் என்று யாரும் கேட்பதில்லை. 2015 டிசம்பர் வெள்ளத்தில் சென்னைப் பள்ளிவாசல்கள் கதவைத் திறந்து வைத்தபோதும் கேட்கவில்லை.

குறையே இல்லையா? உண்டு. பெண்ணின் வழக்கை ஒரு பெண்கூட இல்லாத சபை விசாரிக்கிறதே, அது குறை. புதுக்கோட்டையில் ஷரீஃபா கானம் பெண்களுக்கென்றே ஜமாஅத் அமைத்தது அதனால்தான். அதை எடுத்துச் சொல்வதும் தோழமையில் சேர்த்திதான். ஆனால் சொல்வதற்கு முதலில் பழக்கம் வேண்டாமா?

இப்போது விஷயத்துக்கு வருவோம். நெடுங்காலம் தொழுகை நடந்து வந்த இடம், பத்திரம் இல்லாவிட்டாலும், அந்தப் பயன்பாட்டாலேயே வக்ஃபு என்று பழைய சட்டம் ஒப்புக்கொண்டது. 2025 ஏப்ரல் 8 முதல் நடப்புக்கு வந்த டில்லியின் திருத்தச் சட்டம், இனி அப்படி ஒன்று உருவாக முடியாது என்கிறது. முன்பே பதிவானவை மட்டும் தப்பும். அவற்றிலும் வழக்கு இருந்தாலோ, அரசு நிலம் என்றாலோ நிழல் விழும். மார்ச் 27-லேயே தமிழ்நாடு சட்டமன்றம் எதிர்த்துத் தீர்மானம் போட்டது. உச்சநீதிமன்றம் செப்டம்பர் 15-இல் சில பிரிவுகளை நிறுத்தி வைத்தது. இந்தப் பிரிவை நிறுத்தவில்லை. வக்ஃபுச் சொத்து விவரங்களையெல்லாம் ஆறு மாதத்துக்குள் கணினியில் ஏற்ற வேண்டும் என்றார்கள். பொதுவாகக் கெடுவை நீட்டிக்க டிசம்பர் 1-இல் நீதிமன்றம் மறுத்து, தீர்ப்பாயத்துக்குப் போங்கள் என்றது. சந்தாவை எண்ணி எண்ணிச் செலவழிக்கும் முத்தவல்லி எந்தத் தீர்ப்பாயத்துக்கு, எந்த வக்கீலை அழைத்துக்கொண்டு போவார்?

இது முஸ்லிம்களின் தொல்லை, நமக்கென்ன என்று நினைக்கிற தோழர் தன் வீட்டுக் கூரையை ஒருமுறை நிமிர்ந்து பார்க்கட்டும். மூன்று தலைமுறையாகக் குடியிருந்தும் பட்டா இல்லாதவர் நம்மில் எத்தனை பேர்! புறம்போக்கு என்ற ஒரு சொல்லுக்கு நாம் நடுங்குவதில்லையா? எண்ணூர்க் கழிமுகத்தில் தலைமுறை தலைமுறையாக வலை வீசிய மீனவரிடம் என்ன பத்திரம் இருந்தது? கழிமுகத்தின் பெரும்பகுதியே அரசு வரைபடம் ஒன்றில் காணாமற்போன சங்கதி 2017-இல் வெளிவந்து நாறியதே! ஆறு கண்ணெதிரே ஓடுகிறது, காகிதத்தில் இல்லை. காகிதத்தில் இல்லாததை இல்லை என்று சொல்லும் சாமர்த்தியம் இன்று பள்ளிவாசலில் வந்து நிற்கிறது. நாளை குடிசைக்கு வராது என்று யார் உத்தரவாதம் தருவார்?

சர்வே எண் பார்க்கத் தெரிந்த தோழர்கள், வில்லங்கச் சான்றுக்கு எழுதிப் போடத் தெரிந்தவர்கள், கணினியில் தட்டத் தெரிந்த இளைஞர்கள் ஒவ்வொரு கிளையிலும் இருக்கிறார்கள். நாலு பேராகப் போங்கள். வக்ஃபு வாரியத்தில் பதிவு உண்டா, எந்த ஆண்டு, எத்தனை சென்ட் என்று கேளுங்கள். பழைய தப்தர், வரி ரசீது, மின்கட்டண ரசீது, மையவாடிக் கணக்கு, எது கிடைத்தாலும் படியெடுத்து இரண்டு இடத்தில் வையுங்கள். ஏற்றாமல் விட்டுப்போயிருந்தால் சங்கத்து வக்கீலிடம் அழைத்துப் போங்கள். வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து கூட்டம் கலைந்த பிறகு போனால் முத்தவல்லியும் இருப்பார், பேசவும் நேரம் இருக்கும்.