ஆபீசில் மட்டும் எங்கிருந்து வருது இந்தப் பொறுமை?

மொதல்ல என் தப்பைச் சொல்லிடறேன். போன வாரம் ஒரு நாள் ராத்திரி 8:30 மணிக்கு என் பையனை அடிச்சுட்டேன். வயசு 6. மராத்தி ஹோம்வொர்க் எழுதுடான்னா, மாட்டேன்னு நோட்டுல ஒரு பக்கத்தைக் கிழிச்சு என் மூஞ்சியிலேயே எறிஞ்சான். கன்னத்துல ஒண்ணு விட்டேன்.

அடுத்த நிமிஷம் மொபைல் அடிச்சது. மேனேஜர். நான் செய்யாத தப்புக்கு 20 நிமிஷம் காய்ச்சி எடுத்தார். நான் என்ன பண்ணேன்? "கண்டிப்பா சார், இன்னைக்கு ராத்திரியே பார்த்துடறேன் சார்". குரல்ல அப்படி ஒரு பணிவு. பையன் கன்னத்தைப் பிடிச்சுக்கிட்டு அங்கேயே நின்னு என்னையே பார்த்துக்கிட்டு இருந்தான். அவன் ஒண்ணும் கேக்கலை. கேட்டிருந்தா என்கிட்ட பதில் இல்லை.

"எனக்குக் கோபம் வந்தா கண்ணு மண்ணு தெரியாது". நம்ம ஆளுங்க பெருமையா சொல்ற வசனம் இது. சுத்தப் பொய் சார்! டிராபிக் போலீஸ்காரர்கிட்ட நமக்குக் கண்ணு நல்லாத் தெரியும். வீட்டு ஓனர்கிட்ட தெரியும். சொசைட்டி செக்ரட்டரிகிட்ட இன்னும் நல்லாத் தெரியும். அவ்வளவு ஏன், விருந்தாளி இருக்கும்போது பிள்ளை படுத்தினா என்ன பண்றோம்? "அவங்க போகட்டும், உனக்கு இருக்கு"ன்னு பல்லைக் கடிச்சுக்கிட்டு காதுல சொல்றோம். ரெண்டு மணி நேரம் தள்ளிப்போட முடியற கோபத்தை அடக்க முடியாத கோபம்னு எப்படிச் சொல்றது? எதிர்ல நிக்கிறவன் திருப்பி அடிக்க முடியாதவன்னு தெரிஞ்சுதான் கை நீளுது.

இதை நான் புதுசா கண்டுபிடிக்கலை. வெகுளாமை அதிகாரத்தோட முதல் குறளே (301) இதைத்தான் சொல்லுது. நம்ம கோபம் செல்லுபடியாகற இடத்துல அதை அடக்கறவன்தான் கோபத்தை அடக்கறவன். செல்லாத இடத்துல அடக்கினா என்ன, அடக்காட்டி என்னன்னு கேக்கிறார் வள்ளுவர். மேனேஜர்கிட்ட நான் காட்டினது பொறுமையே இல்லை. என் கோபம் செல்லுபடியாகற ஒரே இடம் என் வீட்டு ஹால். அங்கேதான் நான் ஃபெயில்.

உடனே ஒருத்தர் வருவார். "எங்கப்பா பெல்ட்டாலயே அடிச்சார், நான் நல்லாத்தானே இருக்கேன்?"

கொஞ்சம் கொசுவத்தி சுத்திப் பாருங்க. அப்பா அடிச்சா எங்கே ஓடினீங்க? பாட்டி மடிக்கு. பாட்டி உங்க முன்னாடியே அப்பாவை நாலு திட்டு திட்டுவாங்க. அத்தை ஒரு முறுக்கைக் கையில கொடுப்பாங்க. பக்கத்து வீட்டுல போய் சாப்பிட்டுட்டு ராத்திரிதான் திரும்பி வருவீங்க. அடி விழுந்த அதே வீட்டுல அதை ஆத்தவும் நாலு பேர் இருந்தாங்க. இங்கே புனேல ஒன்பதாவது மாடி, ரெண்டு பெட்ரூம் ஃபிளாட். பாட்டி வீடியோ கால்ல இருக்காங்க. தங்கமணிக்கும் அந்த நேரத்துல ஆபீஸ் கால். நான் அடிச்சா அவன் ஓடறதுக்கு பாத்ரூமைத் தவிர இடம் கிடையாது. ஊர்ல இருந்து அடியை மட்டும் மூட்டை கட்டிக் கொண்டுவந்துட்டு, மடியை விட்டுட்டு வந்துட்டோம்.

வெளியூர்ல இருக்கற நமக்கு இன்னொரு கஷ்டமும் இருக்கு. நம்ம பசங்க விளையாடறது ஹிந்தியில, மராத்தியில. படிக்கிறது இங்கிலீஷ்ல. திட்டு வாங்கறது மட்டும் தமிழ்ல! "அறிவிருக்கா", "தொலைச்சுடுவேன்", "சனியனே". அப்புறம், "என் பொண்ணு தமிழ்ல பேசவே மாட்டேங்கறா"ன்னு பொங்கல் விழாவுல உக்காந்து புலம்பறோம். எப்படிங்க பேசுவா?

ஸ்கூல்ல டீச்சர் கை வச்சா நாம சும்மா இருப்போமா? கல்வி உரிமைச் சட்டம் (2009) 17வது பிரிவு, ஸ்கூல்ல அடிக்கிறதையும் மனசளவுல துன்புறுத்தறதையும் தடை பண்ணுது. நாமளே அதைக் காட்டிச் சண்டைக்குப் போவோம். வீட்டுல? மத்திய அரசோட பெண்கள், குழந்தைகள் நல அமைச்சகம் 2007ல ஒரு ஆய்வு வெளியிட்டது. 13 மாநிலங்கள், 12,000க்கு மேல குழந்தைங்க. மூணுல ரெண்டு குழந்தை உடல்ரீதியா துன்புறுத்தப்பட்டிருக்கு. குடும்பத்துக்குள்ள அடி வாங்கினதுல கிட்டத்தட்ட 89 சதவீதம் பேரை அடிச்சது பெத்தவங்களே.

"அடியாத மாடு படியாது"ன்னு இதுக்கும் ஒரு பழமொழி ரெடியா இருக்கும். மாடுதான் வளர்க்கிறீங்களா?

அதுக்காக இஷ்டத்துக்கு விட்டுடணும்னு நான் சொல்லலை. அமைதியா இருக்கறது வேற, செல்லம் கொடுக்கறது வேற. சொல்லப்போனா, கத்தற வீட்டுலதான் செல்லம் ஜாஸ்தி. அடிச்சுட்டு, குற்ற உணர்ச்சியில அரை மணி நேரத்துல ஐஸ்கிரீம் வாங்கிக் கொடுக்கறது யாரு? நாமதான். டிவி கிடையாதுன்னா கிடையாது. அதை மெதுவான குரல்ல சொன்னாலும் கிடையாதுதான். கத்தி சொன்னா பிள்ளைக்கு நம்ம சத்தம்தான் ஞாபகம் இருக்கும், செஞ்ச தப்பு மறந்துடும்.

அந்த ராத்திரியைத் திரும்ப யோசிச்சுப் பார்த்தேன். காலைல 6 மணிக்கு எழுந்த பையன். ஏழு மணிக்கு வேன். ராத்திரி எட்டரைக்குப் பசியோட உக்காத்தி வச்சு மராத்தி எழுதச் சொல்றேன். அந்த நிலைமையில என்னாலயே ஒரு மெயில் ஒழுங்கா எழுத முடியாது.

மறுநாள் காலைல ஷூ மாட்டிவிடும்போது, "நேத்து அப்பா அடிச்சது தப்புடா"ன்னு சொன்னேன். தலையை மட்டும் ஆட்டினான். சாயங்காலம் ரெண்டு பேரும் உக்காந்து கிழிஞ்ச பக்கத்தை செலோ டேப் போட்டு ஒட்டினோம். ஹோம்வொர்க்கையும் அவனைத்தான் எழுத வச்சேன். இப்போ சாப்பாட்டுக்கு அப்புறம்தான் ஹோம்வொர்க். நேத்து பென்சிலைத் தூக்கி எறிஞ்சான். கை துறுதுறுன்னுச்சு. கிச்சனுக்குப் போய் ஒரு சொம்பு தண்ணி குடிச்சுட்டு வந்து, "எடுத்துட்டு வா"ன்னு மட்டும் சொன்னேன். பத்து நிமிஷம் ஆச்சு. எடுத்துட்டு வந்தான்.

மேனேஜருக்கு 20 நிமிஷம் கொடுத்தவன், பெத்த பிள்ளைக்குப் பத்து நிமிஷம் கொடுக்கக்கூடாதா?

டிஸ்கி: இதைப் படிச்சுட்டு தங்கமணி, "உபதேசமெல்லாம் சரி, இனிமே சாயங்காலம் ஹோம்வொர்க் உங்க டிபார்ட்மெண்ட்"னு சொல்லிட்டாங்க. :-)