கோவணமும் தோள்சீலையும்

பனையேறி இறங்கி வர்ற எங்க தாத்தாவுக்கு இடுப்புல ஒரு கோவணம், பின்னால அருவாப்பெட்டி, அவ்வளவுதான் உடுப்பு. அதோடயே சாயர்புரம் தெருமுக்குல நின்னு கோயில் கணக்கு வரைக்கும் பேசுவார். யாரும் மூஞ்சியைத் திருப்பினது கிடையாது.

போன வாரம் ஒரு நண்பன், "நேச்சுரிசம்னா எல்லாம் அந்த மாதிரி சமாச்சாரம்தானே மக்கா?"ன்னு கண்ணடிச்சான். இல்லடே. அதான் இந்தப் பதிவு.

துணியில்லாம வெயில், காத்து, தண்ணியை அனுபவிக்கணும். தொப்பையும் தழும்பும் சேர்ந்ததுதான் உடம்புன்னு ஏத்துக்கணும். அம்புட்டுதான். காமத்துக்கு அங்க வேலையில்ல. ஜெர்மனியில 100 வருஷத்துக்கு மேலா இதுக்குன்னே சங்கங்கள் இருக்கு.

நம்ம நாட்டுக்கும் இது புதுசில்ல. 1891ல பம்பாய் பக்கம் தானேயில சார்லஸ் கிராஃபோர்டுன்னு ஒரு ஆங்கிலேய நீதிபதி நிர்வாணச் சங்கமே ஆரம்பிச்சார். மொத்த உறுப்பினர் மூணே பேரு! அடுத்த வருஷம் அவருக்கு ரத்னகிரிக்கு மாற்றல், சங்கமும் காலி :-) அதுக்கெல்லாம் முன்னாடி, நம்ம மாவட்டத்து கழுகுமலையில போய்ப் பாருங்க. பாறையில வரிசையா உட்கார்ந்திருக்கிற தீர்த்தங்கரர்கள் மேல பொட்டுத் துணி கிடையாது. பார்க்கிறவனுக்கு அமைதிதான் வருது, விகாரம் வரல.

ஆனா தெக்கத்திக்காரன் ஒண்ணை மறக்கக்கூடாது. தெற்குத் திருவிதாங்கூர்ல நாடார் பெண்கள் மார்பை மறைக்கவே தடை இருந்துச்சு. அடியும் உதையும் வாங்கிப் போராடி, 1859லதான் அனுமதி வந்துச்சு. அதுவும் மேல்சாதிப் பெண்கள் மாதிரி உடுத்தக்கூடாதுங்கிற நிபந்தனையோட. அந்த வழியில வந்தவங்களுக்குத் தோள்சீலை வெறும் துணியில்ல, ஜெயிச்ச உரிமை. அதனால என் கட்சி இதுதான்: உடுத்திக்க உரிமை உள்ளவன் தானா கழட்டினா அது சுதந்திரம். அடுத்தவன் கழட்டச் சொன்னா அது அவமானம்.

புதுசா முயற்சி பண்றவங்க உங்க அறைக்குள்ள, தனியா ஆரம்பிங்க. துணியில்லாம தூங்கிப் பாருங்க. கண்ணாடி முன்னாடி கூச்சமில்லாம 5 நிமிஷம் நில்லுங்க. வீட்ல மத்தவங்க இருந்தா அவங்க சம்மதம் முக்கியம். மனைவியை வற்புறுத்தாதீங்க. வெளிநாட்டுல அதுக்கான கடற்கரைக்குப் போனா, உட்கார உங்க துண்டை விரிச்சுக்கோங்க, முறைச்சுப் பார்க்காதீங்க, கேமராவை எடுக்கவே எடுக்காதீங்க.

திருச்செந்தூர் கடற்கரையில மட்டும் ஆரம்பிச்சுடாதீங்க சாமி! பொது இடத்துல ஆபாசம்னு பாரதிய நியாய சன்ஹிதா 296வது பிரிவுல 3 மாசம் வரை உள்ள தள்ளலாம். நிர்வாணம் எல்லாமே ஆபாசம் ஆகிடாதுன்னு 2023ல கேரள உயர்நீதிமன்றம் ரெஹானா பாத்திமா வழக்குல சொல்லியிருக்கு, நிஜம்தான். அதுக்காக கடற்கரையில போலீஸ்காரர்கிட்ட தீர்ப்பை வாசிச்சுக் காட்ட முடியாது.

தாத்தா கோவணத்துல நின்னப்ப அசிங்கம் தெரியல. ஏன்னா பார்த்த கண்ணுல அது இல்ல. கழட்ட வேண்டியது முதல்ல அந்தக் கண்ணுல இருக்கிற அழுக்கைத்தான்.

டிஸ்கி: நான் இன்னும் கைலிக் கட்சிதான்!