ஒலிவாங்கி யார் கையில்?

புகழ்பெற்ற விளையாட்டாளர் ஓய்வு பெற்ற சில மாதங்களிலேயே தொலைக்காட்சியில் வர்ணனையாளராக அமர்வது இன்று வழக்கமாகிவிட்டது. ரக்பி ஆட்டத்திலும் இதே நிலைதான். களத்தில் முட்டி மோதியவருக்கே ஆட்டத்தின் நுணுக்கம் தெரியும் என்று நிலையங்கள் கருதுகின்றன. அதில் உண்மை உண்டு. ஆனால், ஆடத் தெரிந்தவர் எல்லாருக்கும் ஆட்டத்தை எடுத்துச் சொல்லத் தெரியுமா?

ஸ்காட்லாந்தின் பில் மெக்லாரன் தம் நாட்டுக்காக ஒருமுறைகூட ஆடியதில்லை. 1923ஆம் ஆண்டு ஹாயிக் என்னும் சிறு நகரில் பிறந்த அவர், உள்ளூர்க் குழுவில் சிறந்து விளங்கினார். 1947இல் தேசியக் குழுவின் தேர்வாட்டம் வரை சென்றார். அப்போதுதான் காசநோய் குறுக்கிட்டது. அன்று புதிதாக வந்திருந்த ஸ்ட்ரெப்டோமைசின் மருந்து அவரைக் காப்பாற்றியது. ஆனால், அவர் மீண்டும் களமிறங்க முடியவில்லை. மருத்துவமனையில் நோயாளிகள் ஆடிய மேசைப்பந்து ஆட்டங்களை அங்கிருந்த வானொலிக்காக வர்ணித்தார். ரக்பி வர்ணனைக்கு மேசைப்பந்தில் பயிற்சி பெற்றவர் வேறு எவரும் இருப்பது ஐயமே!

1953இல் பிபிசி வானொலியில் ஸ்காட்லாந்து–வேல்ஸ் ஆட்டத்தை வர்ணித்த அவர், பின்னர்த் தொலைக்காட்சிக்கு வந்து 2002 வரை பணியாற்றினார். புகழ் வந்த பின்னரும் பல்லாண்டுகள் ஹாயிக் பள்ளிகளில் உடற்கல்வி ஆசிரியராகவே இருந்தார். ஒவ்வோர் ஆட்டத்திற்கும் முன் குழுக்களின் பயிற்சியை நேரில் பார்ப்பார். ஆட்டக்காரர்களைப் பற்றிய குறிப்புகளால் ஒரு பெரிய தாளை நிரப்புவார். அவற்றில் பெரும்பகுதி ஒலிபரப்பில் பயன்படாமலே போகும். சேற்றில் புரண்டு சட்டை எண் மறைந்த முப்பது பேரில் பந்தை வைத்திருப்பவர் யார் என்று நொடியில் சொல்ல, பழைய பதக்கங்கள் உதவா. இந்த உழைப்பே உதவும்.

ஆகவே, ஓய்வு பெற்றவரை நேரே உலகக் கிண்ண ஆட்டத்திற்கு அனுப்பாமல், ஒரு பருவமாவது பள்ளி ஆட்டங்களையும் வட்டார ஆட்டங்களையும் வர்ணிக்கச் செய்யலாம். சொந்தக் குழுவின் பக்கம் சாயும் நாக்கை அடக்கவும் அங்கேதான் பழக முடியும். மெக்லாரனின் மருமகன் ஆலன் லாசன் ஸ்காட்லாந்துக்காக ஆடியவர். அந்த மாமனாரின் குரலோ நடுநிலைக்கே பெயர்பெற்றது. அவருடைய கடைசி வர்ணனை வேல்ஸ் நாட்டின் கார்டிஃப் அரங்கில் நடந்தது. அன்று அவரை வாழ்த்திப் பாடியவர்கள் எதிரணியின் ரசிகர்கள்.