கூரைக்கு முன் மண்!



2001 நவம்பர் 9 இரவு, பெருமழையில் நம் அம்பூரியின் மலைச்சரிவு பெயர்ந்து வீடுகளின் மேல் விழுந்தது. ஏறத்தாழ 40 உயிர்கள் போயின. 2020 ஆகஸ்ட் 6 இரவு, மூணாறு அருகே பெட்டிமுடியில் தேயிலைத் தோட்ட லயங்கள் புதைந்தன. மாண்டவர் 70 பேர். பெரும்பாலோர் பிழைப்புத் தேடித் தமிழகத்திலிருந்து வந்த குடும்பங்களின் வழிவந்தவர்கள். அவர்களுடைய கொலையாளி மழை ஒன்றுதானா? தலைமுறை தலைமுறையாக உழைத்தும் தன் பேரில் ஒரு சென்ட் நிலமில்லாதவன், காட்டிய இடத்தில்தானே படுக்க வேண்டும்!

ஏழைக்கு வீடு கட்டுவதில் கேரளம் முன்னோடி என்பதை நாம் மறுக்கவில்லை. 1972-இல் அச்சுத மேனன் ஆட்சியில், அமைச்சர் எம்.என். கோவிந்தன் நாயர் 'லட்சம் வீடு' திட்டத்தைக் கொண்டுவந்தார். நிலமற்ற விவசாயக் கூலிகளுக்குக் குடியிருக்க இடமும் வீடும் கிடைத்தன. மாணவர்களும் தொழிலாளர்களும் கூலி வாங்காமல் மண் சுமந்தார்கள். ஆனால் சிக்கனத்துக்காக இரண்டு குடும்பங்களுக்கு நடுவே ஒரே சுவர் வைத்தார்கள். ஒரு வீட்டுக்காரர் இடித்துக் கட்ட நினைத்தால் பக்கத்து வீடு ஆட்டம் காணும். பிறகு அந்த இரட்டை வீடுகளைத் தனி வீடுகளாக்க அரசே தனித் திட்டம் போட வேண்டியதாயிற்று.

சிக்கனம் என்றால் ஏழையை நெருக்கி அடைப்பதா? இல்லை என்று திருவனந்தபுரத்தில் கட்டிக் காட்டினார் லாரி பேக்கர். செங்கல்லைப் படுக்கவைக்காமல் நிறுத்திவைத்து, நடுவே வெற்றிடம் விட்டுச் சுவர் எழுப்பினார். கால் பங்கு செங்கல் மிச்சம். உள்ளே வெக்கையும் குறைவு. செங்கல்சூளைக் குடிசைவாசிகளுக்கும் அவர் வீடுகள் கட்டினார்.

ஆகவே மலிவாகவும் மானமாகவும் வீடு கட்டும் வித்தை இந்த மண்ணில் உண்டு. அது நம் வாசலுக்கு ஏன் வரவில்லை? முதலாளி கொடுத்த அறையிலும் வாடகைக் குடிலிலும் கிடப்பவனிடம் பட்டா இல்லை. பலரின் ரேஷன் அட்டையோ எல்லைக்கு அப்பால். வீட்டுப் பட்டியல் இந்தக் காகிதங்களைத்தான் முதலில் கேட்கிறது.

நம் கோரிக்கை மூன்று. சரிவும் நீரோடையும் இல்லாத இடம் வேண்டும். பட்டா குடும்பத் தலைவியின் பேரிலும் வேண்டும். வேலை போனாலும் வீடு போகக் கூடாது.

இதைக் கேட்க வேண்டிய இடம் கிராமசபை. பயனாளிகள் பட்டியல் அங்கேதான் வாசிக்கப்படுகிறது. ஒரு நாள் கூலி போனாலும் போகட்டும். குடும்பத்தோடு போய் உட்காருவோம். கேட்காதவன் பெயரை யாரும் எழுத மாட்டார்கள்!