ஆசியாவின் கோல்கீப்பரும் நாங்கள் திருடிய பி.டி. பீரியடும்

எங்கள் பழைய மாணவர்களின் வாட்ஸ்அப் குழுவில் போன வாரம் ஒரு சண்டை. ஒருவர் மெஸ்ஸி படம் போட்டார். இன்னொருவர், "நமக்கும் ஃபுட்பாலுக்கும் என்னப்பா சம்பந்தம்? நம்ம உடம்பு வாகுக்கு அது செட் ஆகாது" என்று எழுதினார். வரிசையாகக் கைதட்டும் படங்கள். கைதட்டியவர்களில் இரண்டு பேர் இப்போது ஆசிரியர்கள்! அங்கே நான் வாய் திறக்கவில்லை. இங்கே சொல்கிறேன். கொஞ்சம் நீளம், பொறுத்துக்கொள்ளுங்கள்.

பீட்டர் தங்கராஜ் என்ற பெயரைக் கேள்விப்பட்டிருக்கிறீர்களா? பத்துப் பேரைக் கேட்டால் பத்துப் பேரும் உதட்டைப் பிதுக்குவீர்கள். தப்பு உங்களுடையது அல்ல. சொல்லித்தர வேண்டியவர்கள் நாங்கள்.

1935-ல் ஹைதராபாத்தில் பிறந்தவர். 1953-ல் ராணுவத்தில் சேர்ந்து, நம் நீலகிரி வெலிங்டனில் இருக்கும் மெட்ராஸ் ரெஜிமெண்டல் சென்டர் அணிக்கு ஆடினார். முதலில் கோல் போடும் ஆள். பிறகுதான் கோல் தடுக்கும் ஆள் ஆனார். நல்ல உயரம், நீண்ட கை. 1888-ல் தொடங்கிய டூரண்ட் கோப்பையை அந்த வெலிங்டன் அணி 1955-லும் 1958-லும் வென்றது. ஊட்டி ரயிலில் வெலிங்டன் ஸ்டேஷனைத் தாண்டும்போது செல்ஃபி எடுக்கிறோமே, அந்த ஊர்தான்.

1956 மெல்போர்ன் ஒலிம்பிக்கில் இந்தியா 4-ஆம் இடம். அந்த அணியில் தங்கராஜ் இருந்தார். அதே ஒலிம்பிக்கில் தங்கம் வென்ற சோவியத் அணியின் கோல்கீப்பர் லெவ் யாஷின். யாஷினை உலகம் இன்றும் கொண்டாடுகிறது. தங்கராஜை 1958-ல் ஆசியாவின் சிறந்த கோல்கீப்பர் என்றார்கள். நாம் என்ன செய்தோம்?

1960 ரோம் ஒலிம்பிக்கிலும் ஆடினார். 1962 ஜகார்த்தா ஆசியப் போட்டியில் முதல் ஆட்டத்திலேயே தென்கொரியாவிடம் 0-2 என்று தோற்றது நம் அணி. இறுதி ஆட்டத்தில் மறுபடி அதே தென்கொரியா. மைதானம் முழுக்க இந்தியாவுக்கு எதிராகக் கூச்சல். கோலில் தங்கராஜ். 2-1 என்று வென்று தங்கம் வாங்கினோம். அதற்குப் பிறகு இன்றுவரை ஆசியப் போட்டிக் கால்பந்தில் இந்தியாவுக்குத் தங்கம் இல்லை.

பிழைப்பு அவரைக் கல்கத்தாவுக்குக் கொண்டுபோனது. முகமதன் ஸ்போர்ட்டிங், மோகன் பகான், ஈஸ்ட் பெங்கால் என்று மூன்று பெரிய கிளப்புகளுக்கும் ஆடினார். 1967-ல் அர்ஜுனா விருது. ஆடி முடித்த பிறகு கோவாவில் பயிற்சி தந்தார். கடைசியில் பொகாரோ எஃகு நகரத்தில் தங்கிவிட்டார். 2008-ல் அங்கேயே இறந்தார்.

"அவர் ஹைதராபாத்தில் பிறந்தவர், நம்ம ஆளா?" என்று ஒரு தம்பி கேட்பார் என்று தெரியும். தம்பி, கமலா ஹாரிஸ் எங்கே பிறந்தார்? கலிபோர்னியாவில். தாத்தா ஊர் துளசேந்திரபுரம் என்பதற்காக அங்கே பட்டாசு வெடித்தார்கள், கோயிலில் பூஜை செய்தார்கள். நாமும் டி.வி.யில் பார்த்துப் பூரித்தோம். அமெரிக்காவில் பதவிக்கு வந்தால் நம் ரத்தம். தமிழ்ப் பெயரோடு வெலிங்டனில் வளர்ந்து ஆசியாவை வென்றவர் யாரோவா? இது எந்த ஊர்க் கணக்கு? நான் கணக்கு வாத்தியார், எனக்கே புரியவில்லை.

அடுத்தது உடம்பு வாகு. தேசிய மகளிர் கால்பந்துக் கோப்பையை 2018-லும் 2023-லும் வென்றது தமிழ்நாடு. நம் பிள்ளைகள்தான். அவர்களுக்கு வேறு உடம்பா? ஆனால் ஆண்களின் சந்தோஷ் டிராபி 1941-ல் தொடங்கியது; தமிழ்நாடு ஒருமுறைகூட வென்றதில்லை. கேரளம் அதை முதன்முதலில் வென்றது 1973-ல். அவர்களின் பயிற்சியாளர் யார் தெரியுமா? ரோம் ஒலிம்பிக்கில் தங்கராஜோடு ஆடிய சைமன் சுந்தர்ராஜ். ஆள் இல்லாமல் இல்லை. ஆளுக்கு இங்கே இடம் இல்லை.

"கிரிக்கெட்தான் கெடுத்தது" என்பதும் சாக்கு. நம் திண்டுக்கல் டிராகன்ஸ் 2024-ல் கோப்பை வென்றபோது நானும் சந்தோஷப்பட்டேன். நத்தத்தில் மேட்ச் நடந்தால் நடக்கட்டும். கெடுத்தது கிரிக்கெட் அல்ல. கெடுத்தது என்னைப் போன்றவர்கள்.

ஆமாம். பத்தாம் வகுப்பு என்றால் பி.டி. பீரியடைக் கேட்டு வாங்கிக் கணக்கு நடத்தியவன் நான். பி.டி. சாரும் பாவம், மறுக்க மாட்டார். ஒரு பையன் இருந்தான். நல்ல உயரம், அவன் கோலில் நின்றால் பந்து உள்ளே போகாது. மாவட்டத் தேர்வு நடந்த அன்று எனக்கு ரிவிஷன் டெஸ்ட். "பரீட்சை முக்கியமா, பந்து முக்கியமா?" என்று கேட்டு உட்கார வைத்தேன். அவன் எதிர்த்துப் பேசவில்லை. அந்தப் பரீட்சையில் 41 மார்க் வாங்கினான். இன்றைக்கு வெங்காயப்பேட்டையில் மூட்டை ஏற்றுகிறான். என்னைப் பார்த்தால் தோளில் கிடக்கும் துண்டை எடுத்துவிட்டு "நல்லாருக்கீங்களா சார்?" என்கிறான். உழைப்பில் கேவலம் ஒன்றும் இல்லை. ஆனால் அவனுக்கு இன்னொரு வழி இருந்ததா என்று பார்க்கவே நான் விடவில்லை. அந்த 41 மார்க்கை வைத்து நான் என்ன சாதித்தேன்?

தங்கராஜைக் கண்டெடுத்தது பள்ளிக்கூடம் அல்ல, பட்டாளம். அதுதான் நம் வெட்கம்.

பெரிதாக எதுவும் கேட்கவில்லை. ஒன்று, பி.டி. பீரியடை யாரும் தொடாதீர்கள். பத்தாம் வகுப்பானாலும், பன்னிரண்டானாலும். பெற்றோரும் கேளுங்கள், "என் பிள்ளைக்கு இந்த வாரம் விளையாட்டு நடந்ததா?" என்று. இரண்டு, ஏழாம் வகுப்புப் புத்தகத்தில் ஒரே ஒரு பக்கம் பீட்டர் தங்கராஜுக்குக் கொடுங்கள். மூன்று, இந்த மாவட்டத்தில் அடுத்து திறக்கும் ஏதாவது ஒரு மைதானத்துக்கு அவர் பெயரை வையுங்கள். வாழும் தலைவர்கள் கொஞ்சம் பொறுக்கட்டும்.

பணியில் இருக்கும் ஆசிரியத் தம்பி தங்கைகளே, கோபம் வந்தால் என்னைத் திட்டுங்கள். திட்டிவிட்டு, நாளைக்கு அந்தப் பீரியடில் பிள்ளைகளை வெளியே விடுங்கள்.