கல்லூரி இடங்கள்: விழுந்த சட்டமும் நின்ற உடன்படிக்கையும்

தனியார் தொழிற்கல்விக் கல்லூரியின் இடங்களை யாருக்கு, என்ன கட்டணத்துக்குக் கொடுப்பது என்று அரசு தீர்மானிக்கலாமா? இந்தக் கேள்வியை உச்ச நீதிமன்றத்துக்குத் திரும்பத் திரும்பக் கொண்டுபோன மாநிலம் கர்நாடகம். 1953-இல் மணிப்பாலில் கஸ்தூர்பா மருத்துவக் கல்லூரி தொடங்கியது முதலே, மாணவர் கட்டணத்தில் நடக்கும் கல்லூரிகள் அங்கே வேரூன்றிவிட்டன. பிற மாநில மாணவர்கள் இடம் தேடி பெங்களூருக்கு வருவதும் அதனோடு சேர்ந்து வளர்ந்தது.

நன்கொடை வசூலைத் தடுக்க 1984-இல் கர்நாடகம் சட்டம் இயற்றியது. ஆனால் அதன்கீழ் 1989 ஜூன் 5-இல் வந்த அறிவிக்கை, மருத்துவப் படிப்புக்கு மூன்று விலைகளை வைத்தது: அரசு ஒதுக்கீட்டு இடத்துக்கு ஆண்டுக்கு 2,000 ரூபாய், கர்நாடக மாணவருக்கு 25,000, வெளிமாநில மாணவருக்கு 60,000. மீரட் மாணவி மோகினி ஜெயின் துமகூருவின் ஸ்ரீ சித்தார்த்தா மருத்துவக் கல்லூரியில் இடம் கேட்டபோது, 60,000 ரூபாயும் மீதி ஆண்டுகளுக்கு வங்கி உத்தரவாதமும் கேட்கப்பட்டன. அவர் தொடுத்த வழக்கில், நன்கொடை வாங்குவது கல்வி உரிமைக்கு எதிரானது என்று 1992 ஜூலையில் உச்ச நீதிமன்றம் அறிவித்தது. ஆனால் அவருக்கு இடம் தர உத்தரவிடவில்லை. அவர் தகுதிப் பட்டியல் வழியே தேர்வானவர் அல்லர், வகுப்புகளும் 1991-லேயே தொடங்கிவிட்டன என்பவை காரணங்கள். சேர்க்கை வழக்குகளின் தீராத சங்கடம் இது. தீர்ப்பு வருவதற்குள் கல்வியாண்டு ஓடிவிடுகிறது.

அடுத்த ஆண்டே உன்னிகிருஷ்ணன் வழக்கில் ஐந்து நீதிபதிகள் ஒரு திட்டத்தையே வகுத்துக் கொடுத்தனர். பாதி இடங்கள் அரசுக் கட்டணத்தில், மறுபாதி கூடுதல் கட்டணத்தில். இரண்டுக்கும் தகுதிப் பட்டியல் கட்டாயம். இதை நடைமுறைப்படுத்த 1994-இல் கர்நாடகத்தில் சி.இ.டி. எனப்படும் பொது நுழைவுத் தேர்வு வந்தது. திட்டத்தின் குறை விரைவில் தெரிந்தது. நல்ல பள்ளியில் படித்த, வசதியான நகரத்து மாணவர் கூடுதல் மதிப்பெண் பெற்று மலிவான இடத்தைப் பிடித்தார். அவருடைய செலவையும் சேர்த்துச் சுமந்தவர் கூடுதல் கட்டணம் கட்டியவர். அவர் பல வேளைகளில் வசதி குறைந்தவராகவும் இருந்தார்.

மணிப்பாலின் டி.எம்.ஏ. பை அறக்கட்டளை தொடுத்த வழக்கில் 2002 அக்டோபர் 31-இல் பதினொரு நீதிபதிகள் அந்தத் திட்டத்தை நீக்கினர். கல்வி நிறுவனம் நடத்துவது அடிப்படை உரிமை, நியாயமான உபரி ஈட்டலாம், கொள்ளை லாபமும் நன்கொடையும் கூடாது என்றனர். சிறுபான்மை யார் என்பதை மாநில அளவில் பார்க்க வேண்டும் என்றும் சொன்னதால், கர்நாடகத் தமிழர்கள் அங்கே மொழிச் சிறுபான்மையினர் என்ற நிலை உறுதிப்பட்டது. தீர்ப்பின் பொருள் என்ன என்பதே பிறகு வழக்கானது. 2003-இல் இஸ்லாமிக் அகாடமி வழக்கு, கட்டணத்துக்கும் சேர்க்கைக்கும் ஓய்வுபெற்ற நீதிபதிகள் தலைமையில் குழுக்களைத் தந்தது. 2005 ஆகஸ்ட் 12-இல் இனாம்தார் வழக்கின் ஏழு நீதிபதிகள், அரசு உதவி பெறாத கல்லூரியில் அரசு தன் ஒதுக்கீட்டைத் திணிக்க முடியாது என்றனர். இட ஒதுக்கீட்டைப் பொறுத்தவரை இதற்கு மறுமொழியாக வந்தது அரசமைப்பின் 93-வது திருத்தம்.

அதே தீர்ப்பில் இன்னொரு வழியும் திறந்திருந்தது: அரசும் கல்லூரிகளும் மனமொப்பி இடங்களைப் பகிர்ந்துகொள்ளலாம். கர்நாடகம் அந்த வழியிலேயே நடந்துவருகிறது. 2006-இல் சேர்க்கையையும் கட்டணத்தையும் ஒழுங்குபடுத்தும் சட்டத்தை இயற்றிவிட்டு, அதன் அமலாக்கத்தை மீண்டும் மீண்டும் ஒத்திவைத்தது. மாறாக, அரசும் கல்லூரி நிர்வாகங்களும் செய்யும் உடன்படிக்கையே சேர்க்கையை நடத்துகிறது. அண்மை ஆண்டுகளில் பொறியியலில் வழக்கமான பங்கீடு, சி.இ.டி.க்கு 45 விழுக்காடு, தனியார் கல்லூரிகளின் கூட்டமைப்பான காமெட்-கே தேர்வுக்கு 30, நிர்வாகத்துக்கு 25 என்பது. நீதிமன்றம் நீக்கிய இரு விலை முறை ஒப்பந்தத்தின் பெயரில் உயிரோடிருக்கிறது.

2014-15 கல்வியாண்டு முதல் அந்தச் சட்டத்தை நடைமுறைப்படுத்த அரசு முனைந்தபோது எதிர்த்துத் தெருவுக்கு வந்தவர்கள் மாணவர்களே. சட்டம் வந்தால் மலிவான அரசு இடங்கள் போய்விடும் என்ற அவர்களுடைய அச்சம் நியாயமானது. அரசும் பின்வாங்கியது. உடன்படிக்கை ஏழை மாணவருக்குப் பயன்படுகிறது என்பதை மறுக்க முடியாது. ஆனால் அது சலுகையாகவே தரப்படுகிறது. நிர்வாகங்கள் கட்டண உயர்வு கேட்டுப் பேரம் பேசும் அந்த மேசையில் மாணவருக்கு நாற்காலி இல்லை. பல ஆண்டுகளில் தேர்வு எழுதி முடித்த பிறகே கட்டணம் எவ்வளவு என்று தெரியவருகிறது. சட்டமன்றம் விவாதித்து வகுக்க வேண்டிய பங்கீடு மூடிய அறையில் முடிவாவது சரியல்ல.

மருத்துவச் சேர்க்கையில் இந்தப் பேரத்தின் எல்லை சுருங்கிவிட்டது. 2016-இல் மாடர்ன் டென்டல் கல்லூரி வழக்கு, பொது நுழைவுத் தேர்வு நடத்தவும் கட்டணத்தை ஒழுங்குபடுத்தவும் மாநிலத்துக்கு அதிகாரம் உண்டு என்றது. அதே ஆண்டு நீட் திரும்பி வந்ததும் தேர்வே மாநிலத்தின் கையை விட்டுப் போனது.

சட்டம் விழுந்து, மனமொப்பிய ஏற்பாடு நிற்கும் போக்கைப் பெங்களூரு நாகரபாவியிலுள்ள தேசிய சட்டப் பள்ளியிலும் காணலாம். கர்நாடகத்தில் பத்து ஆண்டுகள் படித்தவர்களுக்கு 25 விழுக்காடு இடம் ஒதுக்கி 2020-இல் மாநிலம் செய்த சட்டத் திருத்தத்தை, செப்டம்பர் 29-இல் கர்நாடக உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. மறு ஆண்டு அந்தப் பள்ளி தானாகவே கர்நாடக மாணவர்களுக்கு 25 விழுக்காடு ஒதுக்கீட்டைக் கொண்டுவந்தது.