பிலால் என்று பேர் வைக்க ஏன் தயங்குகிறீர்கள்?



கொஞ்சம் நீளமான பதிவு. பொறுமையாக வாசியுங்கள். வாசித்து முடித்த பிறகு ஏசுவதென்றால் ஏசுங்கள்.

நம் ஊரில் ஒரு வீட்டில் ஆண் பிள்ளை பிறந்தது. ஏழாம் நாள் பேர் வைக்க வேண்டும். பிள்ளையின் வாப்பா 'பிலால்' என்று தீர்மானித்திருந்தார். வீட்டுப் பெரியவர்கள் மூன்று காரணம் சொல்லித் தடுத்துவிட்டார்கள். "அது அடிமைட பேரு." "புள்ள கறுத்துப் போகும்." "பள்ளி மோதினார்ட பேரு மாதிரி இரிக்கி." கடைசியில் கைப்பேசியில் தேடி, அரபு போல ஒலிக்கிற, அரபு அகராதியில் இல்லாத ஒரு பேரை வைத்திருக்கிறார்கள்.

அது யார் வீடு என்று கமெண்டில் கேட்க வேண்டாம். இந்த மூன்று காரணமும் ஒரு வீட்டுக்கு மட்டும் சொந்தமில்லை. நம்மில் பலருடைய வாயில் இருப்பதுதான் அந்த வீட்டில் வெளியே வந்திருக்கிறது. ஆகவே எல்லோருக்கும் சேர்த்தே பதில் எழுதுகிறேன்.

முதலில் பேரின் அர்த்தம். 'பிலால்' என்றால் கறுப்பு என்று நினைப்பவர்கள் இருக்கிறார்கள். அடிமை என்று நினைப்பவர்களும் இருக்கிறார்கள். சில பெயர்ப் புத்தகங்களில் 'தொழுகைக்கு அழைப்பவர்' என்று போட்டிருக்கும். மூன்றுமே சொல்லின் அர்த்தம் இல்லை. அரபியில் 'பல்ல' என்றால் நனைத்தான், ஈரமாக்கினான். அந்த வேரிலிருந்து வந்தது பிலால். ஈரம், காய்ந்த தொண்டையை நனைக்கிற தண்ணீர் அல்லது பால் என்று பழைய அரபு அகராதிகள் பொருள் சொல்கின்றன. பாலைவனத்தில் வாழ்ந்த மக்களுக்கு இதைவிட இனிமையான ஒரு சொல் இருந்திருக்குமா?

இந்தச் சொல் ஸஹீஹுல் புகாரியில் ஒரு ஹதீஸிலும் வருகிறது. தன்னோடு ஒத்துப்போகாத உறவினர்களைப் பற்றிப் பேசும்போது, அவர்களுக்கும் உறவின் உரிமை உண்டு, அது காய்ந்து போகாமல் நனைத்து வைப்பேன் என்ற கருத்தில் நபி (ஸல்) அவர்கள் சொன்னார்கள். அங்கே உறவை நனைக்கிற ஈரத்துக்குப் பயன்படுத்திய சொல் 'பிலால்'தான். உறவை உயிரோடு வைத்திருக்கிற ஈரத்தின் பேரை, பேத்தியும் பேரனும் வேண்டும் என்கிற நம் பெரியவர்களே வேண்டாம் என்கிறார்கள்.

இனி முதல் காரணம்: "அடிமைட பேரு."

பிலால் இப்னு ரபாஹ் (ரழி) அவர்கள் மக்காவில் அடிமையாக இருந்தது உண்மை. தாயின் பேர் ஹமாமா. ஹமாமா என்றால் புறா. அந்தப் பேர்களில் அடிமைத்தனம் எங்கே இருக்கிறது? அடிமைத்தனம் இருந்தது உமையா இப்னு கலஃபின் கையில். சுடுமணலில் கிடத்தி நெஞ்சில் கல்லை ஏற்றியவன் அவன். கல்லுக்குக் கீழே கிடந்து "அஹத், அஹத்" என்று சொன்னவர் பிலால். உமையா மக்காவின் பெரிய புள்ளி. பணம், கோத்திரம், செல்வாக்கு எல்லாம் இருந்தது. நம் ஊரில் எந்த வாப்பாவாவது தன் மகனுக்கு உமையா என்று பேர் வைக்க ஆசைப்பட்டதைக் கேள்விப்பட்டிருக்கிறீர்களா? பேருக்குக் கண்ணியம் வருவது அதைச் சுமந்தவர் எப்படி வாழ்ந்தார் என்பதால்தான்.

பிலாலை விலை கொடுத்து வாங்கி விடுதலை செய்தவர் அபூபக்ர் (ரழி) அவர்கள். அந்த வியாபாரத்தைப் பற்றி ஒரு அறிவிப்பு உண்டு. இதைவிட மிகக் குறைந்த விலை கேட்டிருந்தாலும் கொடுத்திருப்போம் என்று விற்றவர்கள் ஏளனமாகச் சொன்னார்கள். நீங்கள் நூறு ஊக்கியா கேட்டிருந்தாலும் கொடுத்து வாங்கியிருப்பேன் என்று அபூபக்ர் பதில் சொன்னார்கள். பின்னாளில் உமர் (ரழி) அவர்கள், நம் தலைவர் அபூபக்ர் நம் தலைவர் பிலாலை விடுவித்தார் என்று சொன்னது புகாரியில் பதிவாகியிருக்கிறது. அமீருல் முஃமினீனே தலைவர் என்று அழைத்த ஒருவரின் பேர், நம் வீட்டுப் பிள்ளைக்குக் குறைந்து போயிற்றா?

இரண்டாவது காரணம்தான் உண்மையான காரணம்: "புள்ள கறுத்துப் போகும்." மற்ற இரண்டும் இதை மூடி வைக்கிற துணி.

மக்கா வெற்றி நாளில், ஹிஜ்ரி 8இல், நபியவர்கள் கஃபாவின் மேல் ஏறிப் பாங்கு சொல்லும்படி பிலாலைப் பணித்தார்கள். கீழே நின்ற சில குறைஷித் தலைவர்களுக்கு அது பொறுக்கவில்லை. இந்தக் கறுப்புக் காகத்தைத் தவிர வேறு ஆள் கிடைக்கவில்லையா என்று ஒருவர் கேட்டார். மனிதர்களைக் கோத்திரங்களாக ஆக்கியது ஒருவரையொருவர் அறிந்துகொள்வதற்கே என்று சொல்கிற ஹுஜுராத் சூராவின் 13ஆவது வசனம் இறங்கிய பின்னணிகளில் ஒன்றாக இந்தச் சம்பவத்தைத் தஃப்ஸீர்கள் குறிப்பிடுகின்றன.

அபூதர் (ரழி) அவர்கள் ஒருவரை அவருடைய தாயைக் குறித்து இழிவாகப் பேசியபோது, உம்மிடம் இன்னும் ஜாஹிலிய்யத் இருக்கிறது என்று நபியவர்கள் கண்டித்தார்கள். புகாரியில் அந்த மனிதரின் பேர் இல்லை. வேறு அறிவிப்புகளில் அவர் பிலால் என்றும், கறுத்தவளின் மகனே என்பதே அந்த ஏச்சு என்றும் வருகிறது. ஒரு ஸஹாபியிடம் அந்த ஒரு வார்த்தையையே நபியவர்கள் விட்டுக்கொடுக்கவில்லை என்றால், நம் கலியாணப் பேச்சுகளை என்னவென்று சொல்வது?

"புள்ள நல்ல வெள்ளையா?" தரகரிடம் நாம் கேட்கிற முதல் கேள்வி இதுதானே. ஓதியிருக்கிறாளா, குணம் எப்படி என்பதெல்லாம் பிறகு. ரசனை ஆளுக்கு ஆள் வேறுபடும், அதை நான் மறுக்கவில்லை. ஆனால் பெண் கறுப்பு என்று தெரிந்ததும் கைக்கூலி ஏறுகிறதே, அது ரசனையா? அது நிறத்துக்கு விலை போடுவது. உமையாவின் ஆட்கள் பிலாலுக்கு விலை குறைத்துப் பேசியதும் இதுவும் ஒரே சந்தை வியாபாரம். குறைஷி வம்சத்தவரான அப்துர் ரஹ்மான் இப்னு அவ்ஃப் (ரழி) அவர்களின் சகோதரி பிலாலின் மனைவியாக இருந்தார் என்று அறிவிப்பு இருக்கிறது. இன்று அதே பிலால் நம் தெருவில் பெண் கேட்டு வந்தால் எத்தனை வீடு கதவைத் திறக்கும்?

வகுப்பறையிலும் இதைத்தான் காண்கிறேன். ஒவ்வொரு வருடமும் கறுத்த பிள்ளை ஒன்றுக்குப் பட்டப்பேர் விழும். அதில் ஒன்று "காப்பிலி". இந்தச் சொல் எங்கிருந்து வந்தது தெரியுமா? அரபு வியாபாரிகள் முஸ்லிமல்லாத ஆபிரிக்கர்களைக் 'காஃபிர்' என்றார்கள். போர்த்துக்கேயர் அதை எடுத்துக் 'காஃப்ரே' ஆக்கினார்கள். அதுவே இங்கே காப்பிரி, காப்பிலி ஆனது. அதாவது, கலிமா சொன்ன ஒரு பிள்ளையை, கலிமா சொன்ன இன்னொரு பிள்ளை, தோலின் நிறத்துக்காகக் காஃபிர் என்று அழைக்கிறது. இதைப் பாடசாலையில் திருத்தலாம். ஆனால் சொல் வீட்டிலிருந்துதான் வருகிறது.

ஆபிரிக்கர் என்றால் நமக்குத் தூரத்து ஆட்கள் என்று நினைக்காதீர்கள். நம் மாவட்டத்திலேயே, புத்தளத்தை அடுத்த சிரம்பியடியில் ஆபிரிக்க வம்சாவளி மக்கள் வாழ்கிறார்கள். காலனித்துவக்காரர்கள் படைவீரர்களாகவும் கூலிகளாகவும் கொண்டுவந்தவர்களின் சந்ததி அவர்கள். அதற்கும் வெகுகாலம் முன்பு, 1344இல், இப்னு பதூதா புத்தளத்தில் வந்து இறங்கினார். அவர் கடந்து போனதாக எழுதுகிற 'பந்தர் ஸலாவாத்' என்ற சிறிய பட்டினம் நம் சிலாபம்தான் என்று ஆய்வாளர்கள் அடையாளம் காண்கிறார்கள். அதே பயணத்தில், கொழும்பில் கடலை ஆண்ட ஒருவரிடம் ஏறத்தாழ 500 ஹபஷிகள் இருந்ததாகவும் அவர் எழுதியிருக்கிறார். ஹபஷி என்றால் அபிசீனியர். பிலாலின் நாட்டு வழி வந்தவர்கள். நம் முன்னோர் வந்த அதே கடல் வழியாகவே அவர்களும் வந்தார்கள். நம் இரத்தத்தில் யார் யார் கலந்திருக்கிறார்கள் என்று சத்தியம் செய்து சொல்ல நம்மில் யாரால் முடியும்?

பயான்களில் சொல்லப்படுகிற ஒரு கதையையும் இங்கே நிறுத்த வேண்டும். பிலாலுக்கு 'ஷீன்' உச்சரிக்க வராது, 'ஸீன்' என்றுதான் சொல்வார், அதையே அல்லாஹ் ஏற்றுக்கொண்டான் என்ற கதை. உருக்கமாகத்தான் இருக்கிறது. ஆனால் இதற்கு அடிப்படை இல்லை என்று இமாம் இப்னு கஸீர் போன்றவர்கள் எப்போதோ சொல்லிவிட்டார்கள். கறுத்தவர் என்றால் நாக்கிலும் ஒரு குறை இருக்க வேண்டும் என்ற நினைப்பு இல்லாமல் இந்தக் கதை இத்தனை காலம் ஓடியிருக்குமா? உண்மை இதற்கு நேர்மாறு. பாங்கின் வார்த்தைகளைக் கனவில் கண்டவர் அப்துல்லாஹ் இப்னு ஸைத் (ரழி). அவரிடம் நபியவர்கள், உம்மைவிடப் பிலாலின் குரல் சிறந்தது, அவருக்குச் சொல்லிக்கொடும் என்றார்கள். குரல் தகுதியால் கிடைத்த பொறுப்பு அது. யாரும் இரங்கிக் கொடுத்ததில்லை.

மூன்றாவது காரணம்: "மோதினார்ட பேரு."

ஆம், மோதினாரின் பேர்தான். மலாய் மொழியில் பள்ளியில் பாங்கு சொல்பவருக்குப் பேரே 'பிலால்'. தமிழ்நாட்டில் உலமாக்களுக்கான அரசு ஓய்வூதியத்தில் ஆலிம்கள், இமாம்கள், மோதினார்களோடு 'பிலால்கள்' என்றும் ஒரு பிரிவு உண்டு. அமெரிக்காவில் 1975இல் வாரிஸுத்தீன் முஹம்மத் தன் இயக்கத்தின் பத்திரிகைக்குப் 'பிலாலியன் நியூஸ்' என்று பேர் மாற்றினார். அடிமைகளின் பேரப்பிள்ளைகள் அந்தப் பேரைத் தலைநிமிர்ந்து சுமந்தார்கள். நமக்கு மட்டும் அது கூச்சமாக இருக்கிறது.

கூச்சத்துக்குக் காரணம் பேர் இல்லை. மோதினாரை நாம் வைத்திருக்கிற இடம்தான் காரணம். மறுமையில் பாங்கு சொல்பவர்கள் கழுத்து உயர்ந்தவர்களாக வருவார்கள் என்று ஸஹீஹ் முஸ்லிமில் இருக்கிறது. இங்கே அவர் தலை குனிந்துதான் நிற்கிறார். சுபஹுக்கு முன் எழும்பிப் பள்ளியைத் திறப்பது அவர். ஹவுழைக் கழுவுவது, பாய் விரிப்பது, மலசலகூடம் கழுவுவது, ஜனாஸா அறிவிப்பது எல்லாம் அவர். மைக் இரைந்தால் ஏச்சும் அவருக்குத்தான். சம்பளம் என்று கொடுப்பதில் இன்றைய விலைவாசிக்கு ஒரு குடும்பம் எத்தனை நாள் சாப்பிடும்? மார்பிள் பதிக்க, ஏசி பூட்ட, மினாரா உயர்த்த இலட்சக்கணக்கில் சேர்க்கிறோம். அந்த மினாராவில் ஒலிக்கிற குரலுக்குச் சொந்தக்காரர் மகளின் பாடசாலைச் சப்பாத்துக்குக் கடன் கேட்கிறார். "பள்ளிக்கு வருமானம் இல்ல" என்று சொல்லாதீர்கள். மார்பிளுக்கு வருமானம் எங்கிருந்து வந்ததோ, அங்கிருந்தே இதற்கும் வரும்.

இவ்வளவும் ஏன் எழுதுகிறேன்? 2019 மே 12ஆம் திகதி இந்த ஊரில் என்ன நடந்தது என்று உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. முகநூலில் எழுதப்பட்ட ஒரு வரியைப் பிழையாக விளங்கிக்கொண்டார்கள், பள்ளிக்கும் கடைக்கும் கல் விழுந்தது, ஊரடங்கு வந்தது. அந்தக் காலத்தில் நம் பேரையும் உடுப்பையும் பார்த்தே நம்மை எடைபோட்டார்கள். அது எப்படி வலிக்கும் என்று நமக்குத் தெரியும். தெரிந்த நாமே, நம் வீட்டுக்குள் ஒரு பிள்ளையின் தோலைப் பார்த்து எடைபோடலாமா? வெளியே நீதி கேட்கிற வாய் உள்ளேயும் நீதி பேச வேண்டும்.

மூன்று காரியம் கேட்கிறேன். மூன்றும் நம் கையில் இருப்பவை.

ஒன்று, பேர் வைக்கும்போது அர்த்தத்தை ஒரு ஆலிமிடம் கேளுங்கள். கூகுளில் வருகிற பட்டியலை நம்பாதீர்கள். பிலால் என்று வைக்க ஆசை வந்தால் யாருக்கும் பயப்படாமல் வையுங்கள்.

இரண்டு, கலியாணப் பேச்சில் நிறத்துக்காகக் கைக்கூலி பேசுகிற இடத்தில் உட்கார்ந்திருக்காதீர்கள். எழுந்து வந்துவிடுங்கள். பெரியவர்கள் இரண்டு பேர் எழுந்தால் மற்றவர்கள் யோசிப்பார்கள். பிள்ளை வீட்டுக்கு வந்து "காப்பிலி" என்று ஒரு கூட்டாளியைச் சொன்னால் சிரிக்காதீர்கள். அந்தச் சொல்லின் அர்த்தத்தைச் சொல்லிக்கொடுங்கள்.

மூன்று, அடுத்த ஜமாஅத் கூட்டத்தில் கணக்கு வாசிக்கும்போது கையை உயர்த்தி ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: மோதினாருக்கு மாதம் எவ்வளவு கொடுக்கிறோம், அவருக்கு ஊழியர் சேமலாப நிதி கட்டுகிறோமா? பதிலை எல்லோரும் கேட்கும்படி சத்தமாக வாசிக்கச் சொல்லுங்கள்.

பிலால் (ரழி) அவர்கள் ஹிஜ்ரி 20 அளவில் டமஸ்கஸில் வஃபாத்தானார்கள். அங்கே பாபுஸ் ஸகீர் மையவாடியில் அவர்களுடையதாகச் சொல்லப்படும் கப்று இன்றும் இருக்கிறது. அந்த வீட்டுப் பிள்ளைக்கு வேறு பேர் வைத்தாகிவிட்டது. அல்லாஹ் அந்தப் பிள்ளைக்கு நீண்ட ஆயுளைக் கொடுக்கட்டும், ஸாலிஹான பிள்ளையாக ஆக்கட்டும். அடுத்த வீட்டில் பிறக்கப்போகிற பிள்ளைக்காகத்தான் இதை எழுதினேன்.

வல்லாஹு அஃலம்.